இருள் அகற்றும் வகுப்பு

மனிதகுலத்தின் இருளை அகற்றும் பொறுப்பு இன்று முதல் தம்மிடம் வந்திருப்பதாக வைத்தீஸ்வரன் அறிவித்தார். வாசனை மெழுகுவர்த்தி செய்வதை அவர் யூடியூபில் பார்த்ததே போன வெள்ளிக்கிழமைதான். வகுப்புக்கு வந்த அடுக்ககப் பெண்கள் சமையலறைக்குள் நெருக்கியடித்து நின்றார்கள். மெழுகு உருக்க மனைவி அகிலா எடுத்துவைத்த எவர்சில்வர் பாத்திரத்தை, அதில் ஆன்மா இல்லை என்று ஒதுக்கிவிட்டு, ரசம் வைக்கும் ஈயச் சொம்பை எடுத்து அடுப்பில் ஏற்றினார். அவளுக்குக் கல்யாணச் சீராக வந்த சொம்பு.

"ஏன்னா, உள்ள ஒண்ணும் இல்லாம அதை அடுப்புல வெக்கப்படாது."

"முதல்ல பாத்திரம் தியானம் பண்ணணும், அகிலா. அப்பறம்தான் மெழுகு."

"ஐயோ, அது ஈயம்னா! நான் சொல்றதைக் கொஞ்சம்..."

"கிளாஸ் நடக்கறச்சே குறுக்கே பேசாதே!"

அடுப்பை அணைக்க நீண்ட அவள் கையைப் புன்னகையோடு விலக்கிவிட்டு, அவர் கண்களை மூடிக்கொண்டார். உருகுதல் என்பது அகந்தையின் மரணம் என்று தொடங்கினார். பெண்களும் பயபக்தியோடு கண்களை மூடினார்கள். எக்கேடோ கெடட்டும் என்று அகிலா கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். சொம்பின் அடி முதலில் லேசாக நெளிந்தது. பிறகு பளபளவென்று பர்னர் மேல் வழிந்தது.

இரண்டாம் மாடி ரேணுகா ஒரு கண்ணைத் திறந்து பார்த்தாள். "உருகிடுச்சு சார், அச்சுல ஊத்திடலாமா?"

மெழுகு இன்னும் பிரிக்காத பொட்டலத்தில் இருந்தது.