சுவர் இல்லாத ஆட்டம்

கைபேசித் திரையில் இரை தின்று நீளும் விளையாட்டுப் பாம்பு அது. சுவர் வைத்த ஆட்டத்தில் அதை மிஞ்ச ஆளில்லை. மோதினால் ஆட்டம் முடிந்துவிடும் என்பதால், சுவருக்கு ஒரு கட்டம் முன்பே அழகாகத் திரும்பிவிடும்.

யாரோ ஆட்டத்தை மாற்றினார்கள். சுவர்கள் மறைந்தன.

"இனிமே திரும்ப வேண்டாம் அண்ணே. இந்தப் பக்கம் வெளியே போனா அந்தப் பக்கம் உள்ளே வந்துடலாம்" என்றது இரைப்புள்ளி. தின்னத் தின்ன வேறிடத்தில் முளைக்கிற புள்ளி அது.

"திரும்பத் தெரியாதவன் அப்படிப் போவான்" என்றது பாம்பு.

தின்று தின்று நீண்டது. திரை முழுக்க அதன் உடம்பே வளைந்து கிடந்தது. தலைக்கு நேரே விளிம்பு மட்டும் திறந்திருந்தது.

"நேராப் போங்கண்ணே!" புள்ளி கத்தியது.

பாம்பு ஒரு கட்டம் முன்பே திரும்பியது. தலை சொந்த உடம்பில் இடித்தது. ஆட்டம் முடிந்தது.

"பாத்தியா, கடைசிவரைக்கும் சுவத்துல மோதல" என்றது பாம்பு.