டாக்டர் ஒத்துக்கொண்ட தப்பு

"ஒரே ஒரு நம்பர், மேடம். அதை மட்டும் மாத்திக் கொடுங்க."

கவுண்டருக்கு வெளியே நின்றவனுக்கு முப்பது வயது இருக்கும். உள்ளே இருந்தவள் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. டாக்டர்கள் எழுதும் நோய்க்கெல்லாம் நம்பர் போட்டுக் கம்ப்யூட்டரில் ஏற்றுவது அவள் வேலை. நிரந்தரமில்லை, ஒப்பந்த வேலைதான். ஆஸ்பத்திரியில் அவளுக்குக் 'கறார் அக்கா' என்று பெயர். அதில் அவளுக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

"என்ன நம்பர்?"

"எஃப் பன்னிரண்டு புள்ளி இருபது. கஞ்சாவுக்கு அடிமைன்னு அர்த்தமாம். கிரேன் ஓட்டுற வேலை, மேடம். எல்லாத்துலயும் பாஸ். மெடிக்கல்ல இதைப் பார்த்துட்டு நிறுத்தி வெச்சுட்டாங்க. வெள்ளிக்கிழமைக்குள்ள சரிபண்ணிக் கொண்டு வரச் சொன்னாங்க."

"இழுக்கும்போது மட்டும் இனிச்சுதாக்கும்?"

அவன் தலையைக் குனிந்துகொண்டான். "நாலு வருஷம் முன்னாடி, சிநேகிதங்களோட ரெண்டு மூணு தடவை. நெஞ்சு படபடன்னு அடிச்சுக்குதுன்னு இங்க வந்தேன். டாக்டர்கிட்ட ஒளிக்காமச் சொன்னேன். அன்னையோட விட்டுட்டேன், அக்கா. ஏற்கெனவே ரெண்டு வேலை இந்த நம்பரால போயிடுச்சு. அப்பா என்கூடப் பேசி வருஷமாச்சு."

மேடம் அக்கா ஆனதற்கெல்லாம் அவள் இளகிவிடவில்லை.

"எல்லாரும் ரெண்டு மூணு தடவைன்னுதான் சொல்வாங்க, தம்பி. டாக்டர் எழுதாம நான் எதுவும் போடமாட்டேன். அவர் சொல்லாம மாத்தவும் மாட்டேன். அவரையே போய்க் கேளுங்க."

போனவன் அரைமணி நேரத்தில் டாக்டரையே கையோடு கூட்டிவந்துவிட்டான். பெரிய டாக்டர். அடுத்த மாதம் ரிட்டயர் ஆகிறார். அதற்குப் பிறகும் வாரம் மூன்று நாள் இங்கேயே நோயாளிகளைப் பார்க்க அனுமதி கேட்டு எழுதிக் கொடுத்திருந்தார். வீட்டில் சும்மா உட்கார்ந்தால் பைத்தியம் பிடித்துவிடும் என்று எல்லோரிடமும் சொல்லிக்கொண்டிருப்பார்.

"இவரோட பழைய ஃபைல் எங்கேம்மா?"

"அதெல்லாம் கீழே குடோன்ல கிடக்கு, சார். கம்ப்யூட்டர்லதான் இருக்கே."

அவர் கேட்கவில்லை. தானே படியிறங்கிப் போனார். சட்டையெல்லாம் தூசியோடு, வெறுங்கையோடு திரும்பி வந்தார். அவளைக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"ஒரு திருத்தப் படிவம் கொடும்மா."

தப்பு யாருடையது, டாக்டருடையதா, நம்பர் போட்டவருடையதா என்று அதில் ஒரு கட்டம் உண்டு. 'டாக்டர்' என்பதில் டிக் அடித்தார். இருபதை எடுத்துவிட்டுத் தொண்ணூறு போடும்படி எழுதினார். தொண்ணூறு என்றால் எப்போதோ தொட்டவன், அடிமை இல்லை.

"அப்போ உங்க தப்பா, சார்?"

"அதான் டிக் போட்டிருக்கேனேம்மா" என்று சொல்லிவிட்டுக் கிளம்பிவிட்டார். அவன் அவர் பின்னாலேயே கும்பிட்டுக்கொண்டு போனான்.

அவளுக்கு வயிறெரிந்தது. ஒருத்தன் பிழைப்பில் நாலு வருஷம் மண்ணைப் போட்டுவிட்டு ஒரு டிக்கோடு கழன்றுகொள்வதா? இதே நாம் செய்திருந்தால் சும்மா விடுவார்களா? அன்றைக்கே உட்கார்ந்து கண்காணிப்பாளருக்கு ஒரு பக்கத்துக்குப் புகார் எழுதினாள். 'அலட்சியம்' என்ற வார்த்தையை மூன்று இடத்தில் போட்டாள்.

பத்து நாள் கழித்துக் கண்காணிப்பாளர் கூப்பிட்டனுப்பினார்.

"உங்க புகார் மேல நடவடிக்கை எடுத்தாச்சு. ரிட்டயர் ஆனப்புறம் அவர் இங்க வர வேண்டாம்னு முடிவு. என்ன விளக்கம் சொல்றீங்கன்னு கேட்டோம். மனுஷன் வாயே திறக்கலை."

"தப்பு பண்ணினவங்க என்னத்தைப் பேசுவாங்க, சார்?"

திருத்தப் படிவத்தை ஃபைலில் சேர்த்தால் வேலை முடிந்தது. குடோனுக்கு இறங்கிப் போய், ஃபைல் கட்டைப் பிரித்து, அந்தத் தம்பியின் பக்கத்தை எடுத்தாள்.

டாக்டரின் கோழிக்கிறுக்கல் அன்றைக்கு ஒருநாள் மட்டும் தெளிவாக இருந்தது. 'கஞ்சா: எப்போதாவது. அடிமை நிலை இல்லை.' அந்த 'இல்லை'க்குக் கீழே இரண்டு கோடு வேறு இழுத்திருந்தார்.

அடுத்த தாள் நம்பர் போட்ட தாள். அதில் இருபது என்று இருந்தது. மாதக் கடைசி, ஒரே நாளில் நூற்றுப்பத்து ஃபைல். கஞ்சா என்ற சொல்லைக் கண்டதும் மேற்கொண்டு படிக்காமல் கை பழக்கத்தில் போட்டுவிட்டுப் போயிருந்தது. பக்கத்தில் இருந்த கையெழுத்து அவளுடையது.

அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டாள். அன்றைக்கு டாக்டர் இதைப் பார்த்துவிட்டு, இங்கேயே வைத்துவிட்டுத்தான் வெறுங்கையோடு ஏறி வந்திருக்கிறார். அந்தக் கட்டத்தில் டிக் இந்தப் பக்கம் விழுந்திருந்தால் அவளுடைய ஒப்பந்தம் அன்றோடு ரத்து. அது டாக்டருக்குத் தெரியும். இனிச்சுதாக்கும் என்று கேட்ட நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போலிருந்தது.

அந்தத் தம்பியிடம் மன்னிப்புக் கேட்க ஃபைலில் போன் நம்பர் இருந்தது. மாடியில் டாக்டர் அறைக்கு எந்த முகத்தோடு போவது என்றுதான் அவளுக்குத் தெரியவில்லை.