நாற்பத்தோராவது சாவு

"இன்னும் ஆறு மாசம்தான், மிஸ்டர் வெர்னர்" என்றாள் நதா, அவர் முகத்தைப் பார்த்து.

வெர்னர் சிரித்தார். "யார்கிட்ட சொல்றீங்க, டாக்டர்? ஜெர்மனியில நாற்பது படத்துல துணை நடிகன் நான். நாற்பதுலயும் என்னைச் சாகடிச்சாங்க. ஒண்ணுலகூடக் கடைசி சீன் வரைக்கும் விட்டுவைக்கல."

"ட்ரீட்மென்ட்..."

"எடுத்துக்கறேன். ஆனா என் சாவுக்குத் தேதி குறிச்ச டைரக்டர்களை நிறையப் பார்த்தாச்சு. இந்தத் தடவை நான் யார் பேச்சையும் கேக்கறதா இல்ல."

நதா அவர் கையைப் பிடித்துக்கொண்டாள். மணி அடித்தது.

மூலையில் உட்கார்ந்திருந்த டாக்டர் ஷமீம் எழுந்தார். "பாஸ் பண்ணிட்ட, நதா! கம்ப்யூட்டரைப் பார்க்காம பேஷன்ட் முகத்தைப் பார்த்துச் சொன்னியே, அதுக்கே ஃபுல் மார்க்."

"தேங்க்ஸ், ஆன்ட்டி!"

"இங்க நான் ஆன்ட்டி இல்ல, எக்ஸாமினர்."

ஹூஸ்டனில் ஒரு மருத்துவக் கல்லூரித் தேர்வுகளில் நோயாளியாக நடிப்பதுதான் வெர்னருக்கு இப்போது வேலை.

ஷமீம் ஸ்கிரிப்டைப் புரட்டினார். "ஆனா வெர்னர், நீங்க உடைஞ்சு அழணும்னுதானே இதுல இருக்கு? வசனத்தை ஏன் மாத்தினீங்க?"

வெர்னர் சட்டைப் பையிலிருந்து மடித்த காகிதம் ஒன்றை எடுத்து மேசைமேல் வைத்தார். நேற்றைய தேதியிட்ட, அவருடைய நிஜமான மெடிக்கல் ரிப்போர்ட்.

"இதைச் சொன்ன டாக்டர் என் முகத்தைப் பார்க்கவே இல்ல. அழறதை நேத்தே அழுது முடிச்சுட்டேன். அவருக்குச் சொல்ல வேண்டிய பதிலைத்தான் இன்னைக்குச் சொன்னேன்."

வெர்னர் கட்டிலில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"ம்... அடுத்த ஸ்டூடன்ட்டை வரச் சொல்லுங்க!"