செவலை ஆட்டின் முறை

மழை விட்டால் குளம்பு இளகியிருக்கும் என்று, ஆடுகளின் வளர்ந்த குளம்பைச் சீவிவிட வீட்டுக்காரி கத்தியைத் தீட்டிக்கொண்டு கொட்டிலுக்கு வந்தாள். தாய் ஆடு செவலை வழக்கம்போலப் பின்னால் ஒதுங்கி, வளர்ந்த மகள்கள் இரண்டையும் முன்னால் தள்ளியது.

"எங்களுக்கு வெட்ட என்னம்மா இருக்கு? நீதானே நொண்டுற!" என்று மூத்தது சலித்துக்கொண்டது.

கத்தியும் அலுத்துப்போய்ச் சொன்னது: "அக்கா, உன் முறை வர்றதுக்குள்ள நான் மழுங்கிடுறேன். மழுங்கினா வழுக்கி, சதையில இறங்கிடுவேன். போன தடவை ரத்தம் வந்தது மறந்துபோச்சா? இன்னிக்கு நீதான் முதல்ல."

வீட்டுக்காரி காலைப் பிடித்தாள். இழுத்துக்கொள்ளச் செவலைக்குத் தெம்பில்லை. முன்னங்கால்கள் முடிந்ததும் தரையில் ஊன்றிப் பார்த்தது. வலிக்கவில்லை. கடவுளே என்று பெருமூச்சு விட்டது.

"போதும் தம்பி," என்றது. "பின்னங்காலை எப்படியாவது இழுத்துக்கிட்டு நடந்துக்குவேன். மிச்சமிருக்கிற கூர்மை பிள்ளைகளுக்கு இருக்கட்டும்."