விட்டுப்போன கழித்தல் குறி

குஜிலியம்பாறை வெயிலில் போர்வெல் வண்டி அதிர்கிறது. எண்ணூறு அடி போயும் வெறும் வெள்ளைப் புழுதிதான் கிளம்புகிறது. கணக்கு என்ன சொல்கிறதோ அதன்படிதான் மண்ணும் நீரும் நடக்கும் என்பது, கல்லூரியில் கணிதம் நடத்தும் பாஸிலாவின் கோட்பாடு. நிலத்துக்காரர் வேலுசாமி தலைத்துண்டை முறுக்குகிறார். "உங்க கணக்க நம்பித்தானே டீச்சர் எறங்குனேன்." வேலிக்கு அப்பால் பக்கத்துத் தோட்டத்துக் கருப்பம்மாள் கத்தரிக்குத் தண்ணீர் பாய்ச்சுகிற சலசலப்பு. பாஸிலா நீர்மட்டம் கணக்கிட்ட நோட்டைப் புரட்டுகிறாள். மூன்றாம் வரியில் ஒரு கழித்தல் குறி விட்டுப்போயிருக்கிறது. எதிலிருந்து கழிகிறது என்று யோசிக்காமல், வியர்த்த விரல்களால் பேனாவைப் பிடித்து அந்தக் கோட்டை இழுக்கிறாள். மை காய்வதற்குள் புழுதி கறுக்கிறது, சேறாகிறது, தண்ணீர் பனை உயரத்துக்குப் பீறிடுகிறது. நனைந்தபடி வேலுசாமி கும்பிடுகிறார். வேலிப்பக்கம் சலசலப்பு நின்றிருக்கிறது. "அண்ணே," என்கிறாள் கருப்பம்மாள், "மோட்டாரு ஓடுது, தண்ணியக் காணோமே."