முடிவுரைக்குப் பத்து மார்க்

"முடிவுரையே இல்ல சார். பத்து மார்க் காலி," என்று சேனாபதி பதினான்காம் எண் தாளைத் தள்ளி வைத்தார்.

அமெரிக்காவில், பிஸ்கட்டவே ஊரில் ஞாயிற்றுக்கிழமை தமிழ்ப் பள்ளிக்கு வாடகைக்கு விட்டிருந்த வகுப்பறை அது. கட்டுரைப் போட்டிக்கு நடுவர்கள் இரண்டே பேர், சேனாபதியும் திருமூர்த்தியும். இருவர் பிள்ளைகளும் போட்டியில் இருந்தார்கள். அதைச் சொல்லி விலகினால் வேறு ஆள் கிடைக்காது. அதனால் கையெழுத்து பிடிபடாமலிருக்க எல்லோரையும் கம்ப்யூட்டரில் டைப் செய்ய வைத்து, பெயர்களை எண் போட்ட தனித்தனி உறைகளில் ஒட்டிவிட்டு, தாள்களில் எண் மட்டும் போட்டிருந்தார்கள்.

தலைப்பைக் கொடுத்தது மதுஷா டீச்சர். யாழ்ப்பாணத்துக் குடும்பத்துப் பெண், பல்கலைக்கழகத்தில் தத்துவம் படிக்கிறாள். சுமார் ஐந்நூறு வருடங்களுக்கு முன்னால் ஐரோப்பாவில், எல்லாம் தெரிந்தவர்கள் மதத்தின் பேரால் ஒருவரையொருவர் வெட்டிக்கொண்டிருந்தபோது, சிலர் மட்டும் தனியே உட்கார்ந்து 'இது எனக்கு எப்படித் தெரியும்?' என்று தங்களையே கேட்டு எழுதிப் பார்த்தார்களாம். அந்தக் கதையைச் சொல்லிவிட்டு, 'எனக்கு நிச்சயமாகத் தெரிந்த ஒன்று' என்று காலையில் பலகையில் எழுதிப் போட்டாள்.

வந்தவை இருபத்திரண்டு தாள்கள். முக்கால்வாசிப் பேருக்குத் தமிழ் இனிமையானது என்று நிச்சயமாகத் தெரிந்திருந்தது. தலைப்பு எதுவானாலும் எழுதிவிட்டு வா என்று அம்மாக்கள் உருப்போட வைத்து அனுப்பிய இனிமை அது.

பதினான்காம் எண் வேறு ரகம்.

'என் அப்பா நல்லவர். இது எனக்கு நிச்சயமாகத் தெரியும் என்று எழுத வந்தேன். எழுதும்போது சந்தேகம் வருகிறது. டாக்டர் என்னிடம் எங்கே வலி என்று கேட்டால் அப்பா பதில் சொல்வார். ரெஸ்டாரன்டில் எனக்கு என்ன வேண்டும் என்று அப்பா சொல்வார். பாதி நேரம் அது சரியாக இருக்கும். அதனால் மீதி நேரமும் நான் சும்மா இருந்தேன். சும்மா இருந்தது நான்தானே? அப்போது அவருக்கு என்னைத் தெரியாதது யாருடைய தப்பு? அவர் நல்லவர்தான். ஆனால் எனக்கு அவரைத் தெரியுமா? தெரியவில்லை. டைம் முடிந்துவிட்டது.'

திருமூர்த்தி அதை மூன்று முறை படித்தார். மூன்றாவது முறை கண் கலங்கிவிட்டது.

மகள் மானஸாதான். சந்தேகமே இல்லை.

எட்டு மாதத்துக்கு முன்னால், மகளுக்கு வாத்தியம் வாசித்தபடி அணிவகுக்கும் மார்ச்சிங் பேண்டில் இஷ்டமில்லை என்று அவள் ஹைஸ்கூலுக்கு ஈமெயில் போட்டு அவளை விலக்கியவர் அவர். அவளைக் கேட்கவில்லை. எதற்குக் கேட்க வேண்டும், அவருக்குத்தான் தெரியுமே! அன்றிலிருந்து பதினாறு வயதுப் பெண் 'ஃபைன்', 'ஓகே' என்ற இரண்டே சொற்களை வைத்துக்கொண்டு அவரோடு காலம் தள்ளினாள். அவள் தன்னை வெறுத்துவிட்டாள் என்று முடிவுகட்டி, அந்தத் துக்கத்தையும் அவர் தினமும் ஆபீஸுக்குத் தூக்கிக்கொண்டு போய் வந்தார்.

இப்போது கையில் 'நல்லவர்தான்' என்று எழுதியிருக்கிறது. அந்த ஒரு சொல்லுக்காக யாரோடு வேண்டுமானாலும் மல்லுக்கட்டத் தயாராக இருந்தார்.

"ஃபர்ஸ்ட் பிரைஸ் இதுக்குத்தான்," என்றார்.

"விளையாடறீங்களா? ஒரு முடிவு சொல்லத் தெரியாத பிள்ளைக்கு ஃபர்ஸ்ட் பிரைஸா? அந்த அப்பா பாவம் சார். படிச்சா மனசு ஒடஞ்சிடுவாரு."

"ஒடையட்டும். நல்லதுதான்."

"தெரியேல்லை எண்டும் எழுதலாம் எண்டுதானே அங்கிள் நான் படிப்பிச்சனான்," என்று மதுஷா நடுவில் சொல்லிப் பார்த்தாள்.

அரை மணி நேரம் வாதாடினார்கள். திருமூர்த்திக்குத் தொண்டை கட்டிவிட்டது. கடைசியில் சேனாபதி கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, என்னவோ செய்யுங்கள் என்று கையெழுத்துப் போட்டார்.

மதுஷா பதினான்காம் எண் உறையைக் கிழித்தாள். திருமூர்த்தி ஆச்சரியப்படுவதற்கு முகத்தைத் தயார் செய்துகொண்டார்.

"கௌசிக் சேனாபதி," என்று வாசித்தாள்.

சேனாபதி தாளைத் தன் பக்கம் இழுத்து, முதல் வரியிலிருந்து மறுபடி படிக்கத் தொடங்கினார். டாக்டர் வருகிற இடத்தில் அவர் விரல் நின்றுவிட்டது.

அவரைத் தேற்றக்கூடத் திருமூர்த்திக்குத் தோன்றவில்லை. 'நல்லவர்தான்' கையை விட்டுப் போய்விட்டது. அதைவிட வேறொன்று சுருக்கென்று தைத்தது. மானஸாவின் கட்டுரையும் அந்த இருபத்திரண்டில்தான் இருந்தது. அதையும் அவர் படித்திருக்கிறார். மார்க் போட்டு அடுக்கியும் வைத்திருக்கிறார். எதுவென்று தெரியாமலே.

மீதி உறைகளைப் பிரித்துப் பார்த்தால் ஒரு நிமிடத்தில் தெரிந்துவிடும். அவர் பிரிக்கவில்லை. எழுந்து வெளியே வந்தார்.

மானஸா காரில், காதில் இயர்பட்ஸோடு உட்கார்ந்திருந்தாள். வழக்கமாக இந்த இடத்தில் அவர், 'நல்லாத்தான் எழுதியிருப்பே, எனக்குத் தெரியும்' என்று சொல்லிவிட்டு வண்டியை எடுப்பார்.

"மானு, எல்லா பேப்பரையும் படிச்சேன். உன்னுது எதுன்னு எனக்குத் தெரியலம்மா."

சொல்லிவிட்டு, வண்டிச் சாவியை டாஷ்போர்டில் வைத்தார்.

மானஸா ஒரு காதிலிருந்து இயர்பட்டை எடுத்தாள். "வாட்? நீங்களா தெரியலைன்னு சொல்றீங்க?"

"ஆமா. பேண்ட் விஷயமும் எனக்குத் தெரியாதுதான். ஒருவேளை நீ அன்னிக்கு..."

"அப்பா, வெயிட்." இன்னொரு காதிலிருந்தும் எடுத்துவிட்டு அவர் பக்கம் திரும்பி உட்கார்ந்தாள். "கெஸ் பண்ணாதீங்க. நானே சொல்றேன்."