புதைந்த வாசலுக்கு மேலே

ஃபோகோ தீவில் உறைந்து கறுத்த எரிமலைக் குழம்பின்மேல் மத்தியான வெயில் நடுங்குகிறது. சுண்ணாம்புக் கட்டியும் கையுமாக அதெரிதோ எட்டு வைத்து எண்ணுகிறான். அப்பா கட்டிய வீடு காலுக்குக் கீழே எங்கோ புதைந்து கிடக்கிறது. அதன் வாசலுக்கு நேர் மேலேதான் புது வீட்டுக்கு வாசல் வைக்க வேண்டும், அப்போதுதான் செத்தவர்கள் வழி தவறாமல் வந்து போவார்கள் என்பது அம்மாவின் கட்டளை. “அத்திமரத்துலேருந்து பதினாலு எட்டு,” என்கிறான். “அந்த மரமே அடியில கெடக்கு, எங்கேருந்துடா எண்ணுற?” அக்கா ஜுல்மிரா இடுப்பில் கைவைத்துச் சிரிக்கிறாள். “பதினாலுங்கறதும் அப்பா கணக்கு. அவருக்குக் குட்டக் காலு, உனக்குக் கொக்குக் காலு.” பாறையில் ஏற்கெனவே ஏழு வெள்ளைக் கோடுகள். “கலவை இறுகுதுப்பா, எந்தக் கோடுன்னு சொல்லு,” என்கிறார் கொத்தனார். அதெரிதோ சுண்ணாம்பை வீசி எறிகிறான். அது ஒரு பிளவுக்குள் விழுந்து, தட்டித் தட்டிக் கீழே போகிறது. மூவரும் குனிந்து காது கொடுக்கிறார்கள். சத்தம் எந்த இடத்தில் நின்றது என்று யாருக்கும் சொல்லத் தெரியவில்லை.